பாவ்லோ சோலேரியின் ஆர்கோசாந்தி ஏன் நகரமாகவில்லை?

நாலாம்_ஆண்டு:
கட்டடக்கலை படிக்கிறேன். செமினாருக்குச் சோலேரியை எடுத்திருக்கேன். கட்டடக்கலையையும் சூழலியலையும் சேர்த்து 'ஆர்காலஜி'ன்னு பேர் வச்சவர். அரிசோனா பாலைவனத்துல 1970-ல ஆர்கோசாந்தி கட்ட ஆரம்பிச்சார், 5,000 பேருக்கு. இன்னிக்கும் அங்க குடியிருக்கிறது சில பத்துப் பேர்தான். "தோத்த திட்டத்தை ஏம்மா எடுத்தே?"ன்னு எங்க சார் கேக்கறார். நேர்ல பார்த்தவங்க இருக்கீங்களா?

வண்டல்மண்:
நான் அங்க பயிற்சிக்குப் போய்ச் சில வாரம் தங்கி வேலை செஞ்சவன்மா. முதல்ல 'ஏப்ஸ்' பத்திச் சொல்லிடறேன். தெற்குப் பக்கம் திறந்த, ஒரு கோளத்துல கால்பங்கு வடிவ வளைவு. அங்க அட்சரேகை 34 டிகிரி. ஜூன் மதியம் சூரியன் 79 டிகிரி உயரத்துல நிக்கும், வெயில் வளைவு முதுகுலயே விழுந்துடும், உள்ளே நிழல். டிசம்பர்ல 32 டிகிரிக்கு இறங்கிடும், வெயில் சாய்வா நுழைஞ்சு உள்சுவரைச் சூடாக்கும். குளிர்கால சாயங்காலத்துல அந்தக் கான்கிரீட்ல முதுகைச் சாய்ச்சு உட்கார்ந்திருக்கேன், கதகதன்னு இருந்தது. மோட்டார் இல்லை, மின்சாரம் இல்லை. மண்பாண்டப் பட்டறையும் வெண்கல மணி வார்க்கற பட்டறையும் இப்படிப்பட்ட வளைவுக்குள்ளதான் இருக்கு.

அச்சும் மண்ணுதான். ஈர வண்டலைக் குவிச்சுத் தட்டி, செதுக்கி, கம்பி கட்டி, மேல கான்கிரீட் ஊத்தணும். இறுகினதும் மண்ணை வாரி எடுத்துடலாம். அதே வண்டல்ல களிமண் மணிக்கும் சோலேரி அச்சு எடுப்பார். மணிக்கு ஒரு கை, கட்டடத்துக்கு ஒரு கைன்னு அவருக்குக் கிடையாது.

ஏன் வளரலை? பணம்தான். மணி வித்த காசு, என்னை மாதிரி கட்டணம் கட்டி வந்தவங்க உழைப்பு. இதை வச்சு ஒரு நகரத்தை எத்தனை வருஷத்துல எழுப்ப முடியும்?

பீனிக்ஸ்_பக்கம்:
நான் பீனிக்ஸ்லேருந்து வடக்கே 110 கிலோமீட்டர் கார் ஓட்டித்தான் போய்ப் பார்த்தேன். கார் வேண்டாத நகரம்னு சோலேரி சொன்னாரே, அங்க இருக்கறவங்க மளிகை வாங்கவே கார் எடுக்கணும். அப்ப அடிப்படைக் கணக்கே தப்பில்லையா?

வண்டல்மண்:
நியாயமான கேள்வி. ஆனா அந்தக் கணக்கே ஆளடர்த்தியை நம்பினது. 5,000 பேர் இருந்தாத்தான் டாக்டரும் பள்ளிக்கூடமும் மளிகைக்கடையும் நடக்கிற தூரத்துல தாக்குப்பிடிக்கும். கட்டடம் மொத்தத்தையும் 25 ஏக்கருக்குள்ள அடக்கிட்டு, சுத்தியிருக்கிற நிலத்தை அப்படியே விடறதுதான் திட்டம். நீங்க இருக்கிற ஊர் தரையோட தரையா பரவிக்கிட்டே போகுதே, அதுக்குத்தான் அவர் மாற்றுத் தேடினார். அம்பது பேரை வச்சு அதைச் சோதிக்க முடியாது. சோதிக்காததைத் தோத்ததுன்னு எப்படிச் சொல்றது?

எனக்கு அவர்மேல இருக்கிற குறை வேற. வரைஞ்சது முழுக்க ஒரே கை. குடிவந்தவன் தன் இஷ்டத்துக்கு ஒரு திண்ணை இழுத்துக்கட்ட அந்த வரைபடத்துல இடமே இல்லை. 2013-ல, 93 வயசுல அவர் போனப்ப, மிச்சத்தை யார் வரையறதுங்கற கேள்வி அப்படியே நின்னுடுச்சு. அங்க வேலை செஞ்ச எனக்கு இது இன்னும் மனசை உறுத்துது.

செமினார்ல பெரிய வரைபடங்களை ஓரமா வைம்மா. ஏப்ஸோட குறுக்குவெட்டை வரைஞ்சு, ஜூன், டிசம்பர் கதிர் ரெண்டையும் போட்டுக் காட்டு.

நாலாம்_ஆண்டு:
ரொம்ப நன்றிண்ணா. 79, 32 ரெண்டு கோடும் இப்பவே போட்டுட்டேன். காலை ஒன்பது மணி வெயிலுக்கும் ஒரு கோடு போடலாம்னு இருக்கேன், அப்ப கிழக்கோரம் எப்படி இருக்கும்?