மறு: மெட்டா சர்ச் எஞ்சின் – மீதேடுபொறியா, திரட்டுத் தேடுபொறியா?

ஓசூர் அண்ணாவுக்கும் மத்த எல்லாருக்கும் வணக்கம்ங்க, டொரண்ட் (ஒரே ஃபைலைப் பலரும் துண்டு துண்டா ஒருத்தருக்கொருத்தர் பகிர்ற முறை) தேடித் தர்ற மெட்டா சர்ச் எஞ்சினுக்குத் தமிழ்ல என்ன பேர் வைக்கலாம்ங்கிற பேச்சுக்கு என் பதில் இது.

> மெட்டாடேட்டாவை மீத்தரவுன்னு சொல்றோம், அப்ப இது மீதேடுபொறி தானே, இதுல என்ன விவாதம்?

விவாதம் இருக்குங்கண்ணா. ஹைப்பர்லிங்க்குக்கும் மீயிணைப்புன்னு அதே மீ தான் போட்டிருக்கோம், ஏற்கனவே ஒரே முன்னொட்டு ரெண்டு வேலை பாக்குது. அதைக்கூட விட்டுடலாம், ஆனா மீதேடுபொறின்னா மத்ததை விட ஒசத்தியான தேடுபொறின்னு தான் பாலக்கோட்டுல என்கிட்ட கம்ப்யூட்டர் கத்துக்க வர்ற பசங்க நினைப்பாங்க. அதுகிட்ட சொந்தமா சரக்கே கிடையாது. நாம அடிக்கிற பேரை அப்படியே பல டொரண்ட் தளங்களுக்கு அனுப்பி, வர்ற பதிலை எல்லாம் வாரிக்கிட்டு வந்து, ஒரே இன்ஃபோஹாஷ் (ஒரு டொரண்டோட அடையாள எண்) ரெண்டு எடத்துல இருந்து வந்தா ஒண்ணாக்கி, சீடர் (முழு ஃபைலையும் வச்சுப் பகிர்றவங்க) எண்ணிக்கை பாத்து வரிசையா காட்டும், அவ்வளவுதான். கிருஷ்ணகிரியில மாங்கா தரகர் நாலு மண்டி விலையையும் கேட்டு வந்து சொல்லுவாரே அது மாதிரி, காய்க்குள்ள வண்டு இருக்கான்னு அவரு அறுத்துப் பாக்கல.

அதனால திரட்டுத் தேடுபொறின்னு வைக்கலாம்ங்கிறேன். பேரைக் கேட்டதுமே இது வேற எடத்துல இருந்து பொறுக்கினதுன்னு புரியணும், ஏன்னா ஆபத்தே அங்க தான் இருக்கு. பட்டியல்ல மேல வந்தா நல்ல ஃபைல்னு நம்பிடுறாங்க, ஆனா சீடர் எண்ணிக்கையைப் பொய்யா ஏத்திக் காட்ட முடியும். "ஹாஷ் தான் சரிபாக்குதே"ன்னு போன மடல்ல ஒருத்தர் கேட்டிருந்தாரு. டொரண்ட் பகிர்வு நடக்கிற பிட்டொரண்ட் முறை ஒவ்வொரு துண்டையும் ஹாஷ் (ஃபைல்ல இருந்து கணக்குப் போட்டு எடுக்கிற சரிபார்ப்பு எண்) வச்சு சரிபாக்குறது உண்மை, நடுவுல எவனும் மாத்த முடியாது, ஆனா டொரண்டை உருவாக்கினவன் எதை வச்சானோ அது தான் வந்துச்சான்னு மட்டும் தான் அது சொல்லும், அவன் வைரஸை வச்சிருந்தா அதுவும் ஒரு பிட் குறையாம வந்து சேரும். வீடியோன்னு போட்டு ஈஎக்ஸ்ஈ (விண்டோஸ்ல ஓடுற நிரல் ஃபைல்) வந்தா திறக்கவே கூடாது. உபுண்டு, டெபியன் மாதிரி லினக்ஸை நிறுவுற ஐஎஸ்ஓ ஃபைல் வேணும்னா இதுல தேடவே வேண்டாம், அவங்க தளத்துலயே டொரண்டும் இருக்கு, ஒப்பிட்டுப் பாக்க ஷா-256ங்கிற ஹாஷ் எண்ணும் இருக்கு.

போலித் தளமும் ஒரு தலைவலி. டொரண்ட்ஸ்ங்கிற பழைய திரட்டுத் தளம் 2016 ஆகஸ்ட்ல மூடினதும் அதே பேருக்குப் பின்னாடி 2 போட்டு வேற ஆளுங்க ஆரம்பிச்சாங்க, பேரைப் பாத்து மட்டும் நம்பக் கூடாது. டொரண்ட் இறக்குற மென்பொருளான க்யூபிட்டொரண்ட்டுக்குள்ளயே தேடுற வசதி இருக்கு, விளம்பர டவுன்லோட் பட்டன் தொல்லை இல்ல, ஆனா அதுக்குப் போடுற ப்ளகின் (கூடுதலா சேக்குற துணை நிரல்) பைத்தான்ல எழுதினது, நம்ம கம்ப்யூட்டர்லயே ஓடும், யாரோ கொடுத்ததை எல்லாம் ஏத்தாதீங்க.

நம்ம ஐபி முகவரி அந்த ஃபைலைப் பகிர்ற எல்லாருக்கும் தெரியும். நம்ம இணைப்பை வேற சர்வர் வழியா அனுப்புற விபிஎன் அதை மறைக்கும், ஆனா பதிப்புரிமை மீறலை சட்டப்படி சரியாக்காது. 1957 பதிப்புரிமைச் சட்டம் 63ஆம் பிரிவுல 3 வருஷம் வரைக்கும் சிறை இருக்கு, டொரண்ட்ல இறக்கும்போதே நாம ஏத்தியும் விடுறோம்ங்கிறதை பசங்களுக்கு யாராவது சொல்லணும்.

> திரட்டின்னு வலைப்பதிவுக்கு ஏற்கனவே இருக்கே, குழம்பாதா?

குழம்பாதுங்க தம்பி. வலைப்பதிவு திரட்டி நாம கேக்காமலே சேத்து வைக்கும், இது கேட்டாத்தான் போய்த் திரட்டும், தேடுபொறின்னு பின்னாடி வர்றதால வித்தியாசம் தெரிஞ்சிடும். டொரண்ட்டை அப்படியே விட்டுடலாம், டொரண்ட் ஃபைலுக்குப் பதிலா இன்ஃபோஹாஷை வச்சே இறக்க உதவுற மேக்னட் லிங்க்குக்கு காந்த இணைப்பு சரி. சீடருக்கு விதைப்பவர்னு வந்திருக்கு, எனக்கு சம்மதம். லீச்சருக்கு ரத்தம் உறிஞ்சுற அட்டைன்னு போட்டது மட்டும் வேண்டாம்ங்க, இறக்கிட்டிருக்கிற எல்லாரையும் திட்டுற மாதிரி இருக்கு, இறக்குபவர்னே வைப்போம்.