ராஜியாகிவிட்டோம், கேஸ் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது

குடமுருட்டி ஆற்றுக் கரையில் எங்களுக்கு நாலு மா நஞ்சை. அதற்குத் தண்ணீர் வரும் கன்னி வாய்க்கால் சித்தப்பா வயலை ஒட்டித்தான் வரும். அந்தக் கரை யாருடையது என்று சித்தப்பா எங்கள் அப்பா மேல் முன்சீப் கோர்ட்டில் போட்ட கேஸ் ஆறு வருடம் வாய்தாவிலேயே ஓடியது.

அத்தை கருமாதியில் இரண்டு பேருக்கும் பக்கத்துப் பக்கத்து இலை விழுந்தது. எழுந்து கை கழுவும்போது பேசிக்கொண்டிருந்தார்கள். மறுநாள் காலையில் சங்கிலி பிடித்து அளந்து, எல்லையில் சித்தப்பாவே நாலு பூவரசம் போத்து நட்டார். அவ்வளவுதான், சண்டை தீர்ந்தது.

கேஸ் தீரவில்லை. எங்கள் பழைய வக்கீல் ஏற்கனவே கேஸ் கட்டைத் திருப்பிக் கொடுத்திருந்தார், "அதான் பேசியாச்சே" என்று அப்பா வாய்தாவுக்கும் போகவில்லை, வேறு வக்கீலும் வைக்கவில்லை. சித்தப்பாவோ தன் வக்கீலுக்கு பீஸ் பாக்கி என்பதால் அந்தப் பக்கமே தலைகாட்டாமல், ராஜியான விஷயத்தையும் சொல்லாமல் இருந்துவிட்டார். டவாலி மூன்று தடவை கூப்பிட்டும் ஆள் இல்லாததால் அப்பாவை எக்ஸ்பார்ட்டி (ஆஜராகாத தரப்பு) ஆக்கி, வாதி சாட்சிக்கு வாய்தா போட்டாயிற்று. டீக்கடையில் ஒரு குமாஸ்தா சொல்லித்தான் எனக்கே தெரியும்.

புதிதாகப் பிடித்த வக்கீலம்மா முதலில் எக்ஸ்பார்ட்டி உத்தரவை நீக்க மனு போட்டார், சித்தப்பா ஆட்சேபிக்கவில்லை. அப்புறம் கேஸை வாபஸ் வாங்கினால் போதாதா என்று கேட்டேன். வாபஸ் வாங்கினால் அவர் அதே விஷயத்துக்குக் கோர்ட் அனுமதி இல்லாமல் மறுபடி கேஸ் போட முடியாதுதான், ஆனால் நாளைக்குப் போத்தைப் பிடுங்கிப் போட்டால் உங்கள் கையில் என்ன இருக்கிறது என்றார். அதனால் சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 23, விதி 3-ன்படி ராஜி மனு. அளவு, வரைபடம், மடை திறக்கும் முறை எல்லாம் எழுதி இருவரும் கையெழுத்துப் போட்டார்கள். அதன்படியே டிகிரி (கோர்ட்டின் தீர்ப்பாணை) ஆனது. யாராவது மீறினால் புதுக் கேஸ் வேண்டாம், அந்த டிகிரியை அமல்படுத்தக் கேட்டு நேரே நிறைவேற்று மனுதான்.

யாராவது வற்புறுத்தினார்களா என்று ஜட்ஜ் கேட்டதற்கு சித்தப்பா, "அதெல்லாம் இல்லீங்கய்யா, இப்ப காலையில காபியே அண்ணன் வீட்லதான்" என்றார்.

இன்னொன்று, பல பேர் கோட்டை விடுவது. கோர்ட் பீஸ். லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) முடித்தால்தான் திரும்ப வரும் என்று சித்தப்பாவின் வக்கீல் சாதித்தார். சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன ஒரு வழக்கில், தரப்பினர் வெளியே தாங்களாகப் பேசி முடித்தாலும் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 1955, பிரிவு 69-அ-வின்படி பீஸ் திரும்ப உண்டு என்று உச்ச நீதிமன்றம் 2021 பிப்ரவரியில் சொல்லியிருக்கிறது. வக்கீலம்மா அந்தத் தீர்ப்பு நகலை நீட்டியதும் அவர் மனு எழுத உட்கார்ந்துவிட்டார். கட்டியது சித்தப்பா, அதனால் பணம் அவருக்குத்தான் வந்தது. அதில்தான் அவர் வக்கீலின் பாக்கியை அடைத்தார்.