கோர்ட் ஏலத்தில் எடுத்த வீடு, சுவாதீனம் (வீடு கைவசம்) இன்னும் கிடைக்கவில்லை

கேள்வி: கோர்ட் விற்பனையை உறுதி செய்து ஒன்பது மாதம் ஆகிறது, ஆனால் விற்பனை சர்டிபிகேட் போன வாரம்தான் கைக்கு வந்தது. கடனைக் கட்டாமல் வீட்டை இழந்த கடனாளி கீழ் வீட்டைக் காலி செய்ய மறுக்கிறார், மாடியில் பழைய வாடகைக்காரர் வேறு. சுவாதீனம் கேட்க இன்னும் ஒரு வருடம் இருக்கிறதுதானே?

பதில் 1: இல்லை, தயவுசெய்து அப்படி நினைத்து உட்கார்ந்துவிடாதீர்கள்! லிமிடேஷன் சட்டம் (வழக்கு, மனுவுக்கான காலக்கெடுச் சட்டம்) ஆர்ட்டிக்கிள் 134-இன்படி அந்த ஒரு வருடம் விற்பனை உறுதியான நாளிலிருந்தே ஓடுகிறது, சர்டிபிகேட் தாமதமானாலும் சரி. 1996-இல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. மூன்று மாதம்தான் மிச்சம். உடனே சிவில் நடைமுறைச் சட்டம் (CPC) ஆணை 21, விதி 95-இல் மனு போடுங்கள்.

பதில் 2: வாடகைக்காரர் இருக்கும் மாடிக்கு அதே ஆணையின் விதி 96. சர்டிபிகேட் நகலை ஒட்டி, தண்டோரா போட்டு ஒப்படைப்பார்கள், வாடகைக்காரரை வெளியேற்ற மாட்டார்கள்.

பதில் 3: வீட்டை ஒப்படைக்க வரும் அமீனாவை (கோர்ட் ஊழியரை) யாராவது தடுத்தால் 30 நாளுக்குள் விதி 97 மனு, மறக்காதீர்கள்.

கேட்டவர்: நன்றி, நாளைக்கே வக்கீலைப் பார்க்கிறேன்.