சோப்புத்தூள் வீட்டிலேயே செய்தால் மிச்சமாகுமா?

கேள்வி: வீட்டில் நான்கு பேர், சோப்புத்தூளுக்கே மாதம் நிறைய போகிறது என்று பார் சோப்பைத் துருவி, சலவை சோடா கலந்து வாஷிங் மெஷினில் போட்டேன். இரண்டே வாரத்தில் வெள்ளைச் சட்டையெல்லாம் மங்கிப் பிசுபிசுப்பாகிவிட்டது. போர் தண்ணீர்தான். எங்கே தப்பு?

பதில் 1: தண்ணீர்தான் காரணம் அக்கா. அதிலுள்ள கால்சியமும் மெக்னீசியமும் சோப்போடு சேர்ந்து கரையாத படிவமாகித் துணியில் ஒட்டிக்கொள்ளும். சலவை சோடா ஓரளவுதான் தடுக்கும்.

பதில் 2: பூந்திக்கொட்டை போட்டுப் பாருங்கள். விதையை எடுத்துவிட்டுத் தோலை இரவு ஊறவைத்து, காலையில் கொதிக்கவைத்து வடிகட்டுங்கள். அதிலுள்ள சபோனின் என்ற நுரைக்கும் பொருள் அப்படிப் படியாது. பட்டுக்கு அருமை. எண்ணெய்க் கறைக்கு மட்டும் நான் கடைத் தூள்தான்.

கேட்டவர்: சரி, வடித்த தண்ணீர் எத்தனை நாள் தாங்கும்?

பதில் 2: வெளியே வைத்தால் சீக்கிரம் புளித்துவிடும், அன்றன்றைக்குச் செய்வதே நல்லது.