மனோரமாவை நம்ம ஊர்க்காரர் என்று சொல்லலாமா?

கோட்டையூர் மருமகள்:
மகள் ஏழாம் வகுப்பு படிக்கிறாள். பேச்சுப் போட்டிக்கு 'நம் மண்ணின் கலைஞர்' என்று தலைப்பு. மனோரமாவைப் பற்றித்தான் பேசுவேன் என்கிறாள். மாமியாரோ, "அவுக மன்னார்குடில பொறந்தவுகல்ல" என்று முட்டுக்கட்டை போடுகிறார். ஆயிரம் படம், கின்னஸ், ஐந்து முதல்வர்களோடு நடித்தவர் என்பதை எல்லாப் பிள்ளைகளும் ஒப்பிப்பார்கள். வேறு என்ன சொல்லலாம்?

செக்காலை வாசி:
பிறந்தது மன்னார்குடி, 1937. இயற்பெயர் கோபிசாந்தா. வளர்ந்தது நம்ம காரைக்குடிப் பக்கம் பள்ளத்தூர். அம்மா இங்கே வீட்டு வேலை செய்து வளர்த்தார். மேடையில் 'பள்ளத்தூர் பாப்பா' என்றுதான் பேர். மாமியார் வாயை அடைக்க இது போதும். முதல்வர் கணக்கையும் விட்டுவிடாதீர்கள். அண்ணா, கலைஞரோடு நடித்தது நாடகத்தில், எம்.ஜி.ஆர்., என்.டி.ஆர்., ஜெயலலிதாவோடு சினிமாவில். அப்படிப் பிரித்துச் சொல்ல யாருக்கும் தோன்றாது.

ஆர்மோனியப்பெட்டி:
தங்கச்சி, நான் திருவிழா நாடகங்களுக்குப் பெட்டி வாசித்தவன். பள்ளத்தூர்ப் பக்கம் ஒரு கதை சொல்வார்கள். பெண் வேடம் கட்டிய ஆளுக்குப் பாட வரவில்லையாம். இந்தச் சிறுமியைத் திரைக்குப் பின்னால் நிறுத்திப் பாட வைத்தார்களாம். எங்கள் தொழிலில் அதற்குப் பின்பாட்டு என்று பேர். முகம் தெரியாது, கைதட்டு முன்னால் நிற்கிறவனுக்கு. குரல் மட்டும் கடைசி வரிசையில் துண்டை விரித்து உட்கார்ந்திருக்கிறவன் வரை போய்ச் சேர வேண்டும்.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) ஜில் ஜில் ரமாமணியை மகளைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்கச் சொல்லுங்கள். நாயனத்தைக் கேட்டுவிட்டு வெகுளியாக ஒரு கேள்வி கேட்பாரே, அந்த இடம். எந்தச் சொல்லை இழுப்பது, எங்கே மூச்சு வாங்குவது, எல்லாம் தாளத்தில் விழும். அது வசனம் இல்லை, பாட்டுக்காரியின் பேச்சு. அதே ஆண்டு 'பொம்மலாட்டம்' படத்தில் 'வா வாத்தியாரே ஊட்டாண்ட' பாடினார். நம்ம பக்கம் வளர்ந்த பெண் மெட்ராஸ் பாஷையில் வெளுத்துக் கட்டியிருப்பார். காது இருந்தால்தான் அது வரும்.

சினிமாவுக்குக் கொண்டுவந்தவர் கண்ணதாசன், அவரும் நம்ம பக்கத்துச் சிறுகூடல்பட்டிக்காரர். படம் 'மாலையிட்ட மங்கை', 1958. நகைச்சுவை வேடத்துக்கு இவர் தயங்கியபோது, கதாநாயகிக்கு ஆயுசு கொஞ்சம், இதுதான் நிற்கும் என்று அவர் சொன்னதாக மனோரமாவே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். ஐந்து வருசம் கழித்துக் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகியாகவும் நடித்துப் பார்த்துவிட்டார். நின்றது என்னவோ கவிஞர் சொன்னதுதான்.

சினிமா கிறுக்கன்:
அண்ணே, பாதிக் கதையோடு நிறுத்திவிட்டீர்களே. பின்னாளில் படத்துக்குப் படம் ஒப்பாரி வைக்கிற அம்மாவாகவே வந்தார். எனக்கு அலுத்துவிட்டது.

ஆர்மோனியப்பெட்டி:
சரிதான், அழ வைத்தே காசு பார்த்தார்கள். அதில் பாதியை நானும் சேனல் மாற்றியிருக்கிறேன். ஆனால் அந்தக் காலத்தில்தான் 'புதிய பாதை'யும் (1989) வந்தது, துணை நடிகைக்கான தேசிய விருது கிடைத்தது. 'சின்ன கவுண்டர்' பார்த்தீர்களா? பல்லைத் துருத்திக்கொண்டு வருவார். அம்மாதான், ஆனால் ஒப்பாரி அம்மா இல்லை. அப்புறம் டிவி தொடர்களுக்கும் போனார்.

தங்கச்சி, பேச்சில் ரமாமணி மாதிரி இரண்டு வரி பேசிக் காட்டச் சொல்லுங்கள். மைக்கைக் கொஞ்சம் தள்ளி வைத்துக்கொள்ளட்டும்.