ஃபேக்டர்: காரணி வேண்டாம், வகைக்குறி எனலாமா?

நண்பர்களே, வணக்கம்.

புள்ளியியலுக்குப் பயன்படும் கணினி மொழியான ஆரில் (R) வரும் ஃபேக்டர் (factor) என்ற சொல்லுக்குத் தமிழில் ‘காரணி’யே போதும் என்று நம் குழுவில் ஐயா ஒருவர் நேற்று எழுதியிருந்தார். வேளாண் சோதனைக்கு அது சரிதான். உரம் ஒரு காரணி, அதன் அளவை மாற்றி விளைச்சலைப் பார்க்கிறோம். ஆனால் ஆரில் ஃபேக்டர் என்பது தரவைச் சேமிக்கும் ஒரு முறை. உள்ளே 1, 2, 3 என்று எண்கள், மேலே அவற்றுக்குரிய பெயர்கள். எதற்கும் அது காரணமாக இருக்க வேண்டியதில்லை.

இதில் அடிபட்டவன் நான். 2018இல் கோத்தகிரியில் ஒரு தோட்டத்தின் ஐப்பசி மழைக் கணக்கைக் கணினியில் ஏற்றினேன். மழைமானியில் அளவு காட்டாத தூறலுக்குக் கணக்கர் ‘டி’ என்று குறித்திருந்தார். அந்த ஓர் எழுத்தால் நெடுவரிசை முழுவதையும் எழுத்தாக எடுத்துக்கொண்டு, ஆர் அதைக் கேட்காமலே ஃபேக்டராக்கியது. எண்ணாக மாற்றச் சொன்னேன். வந்தது மழையளவு அல்ல, உள்ளிருந்த குறியெண். ஐந்து நாளை மட்டும் எடுத்துப் பாருங்கள்: 0, 12.6, 3.2, 45, டி. எழுத்து வரிசையில் அடுக்கினால் இப்படித்தான் நிற்கும், நிற்கும் இடமே குறியெண். 45 மில்லிமீட்டர் கொட்டிய நாள் 4 ஆகிவிட்டது, தூறல் நாள் 5! பிழைச்செய்தி ஏதும் இல்லை. வரைபடத்தைப் பார்த்த தோட்டத்துப் பெரியவர்தான் தூறல் நாளைக் காட்டி, “அன்னிக்குச் சட்டைகூட நனையலையே தம்பி” என்றார்.

பெல் ஆய்வகத்தில் 1976இல் தொடங்கிய எஸ் மொழியின் வழியில்தான் நியூசிலாந்தின் ஆக்லாந்தில் புள்ளியியலாளர்கள் இஹாக்காவும் ஜென்டில்மேனும் ஆரை உருவாக்கினார்கள். புள்ளியியல் மாதிரிகளைப் பொருத்த ஃபேக்டர் வசதி என்பதால் தானாக மாற்றும் வழக்கம் நிலைத்தது. ஆரின் 1.0.0 பதிப்பு வந்தது 2000 பிப்ரவரி 29இல். இந்த வழக்கம் மாற 2020 ஏப்ரலில் 4.0.0 வர வேண்டியிருந்தது. இப்போது கோப்பைப் படிக்கும்போது எழுத்து எழுத்தாகவே இருக்கும், ஃபேக்டர் வேண்டுமென்றால் நாமே கேட்க வேண்டும். அதனால்தான் பெயரைக் கேட்டதுமே பொருள் விளங்க வேண்டும் என்கிறேன்.

ஃபேக்டருக்கு ‘வகைநிரல்’ வேண்டாம், நிரல் என்றால் நமக்கு புரோகிராம். ‘வகைமாறி’ பொதுவான புள்ளியியல் சொல்லாகவே இருக்கட்டும். என் பரிந்துரை ‘வகைக்குறி’. வகையும் தெரிகிறது, உள்ளே குறியெண் இருப்பதும் தெரிகிறது.

அப்புறம், ஃபேக்டருக்குள் வரும் ஒவ்வொரு வகையையும் ஆர் லெவல் (level) என்கிறது. அதற்குப் ‘படிநிலை’ என்று ஒரு யோசனை. ஊட்டி, குன்னூர், கோத்தகிரி மூன்றும் ஒரு வகைக்குறிக்குள் வந்தால் எது மேல்படி, எது கீழ்படி? வெறும் ‘வகை’ போதும். வரிசை உள்ளவற்றுக்கு மட்டும் ‘வரிசை வகைக்குறி’ எனலாம். மறுப்பு இருந்தால் சொல்லுங்கள். பாடக்குறிப்பில் இன்னும் அந்த இடத்தை நிரப்பாமல் வைத்திருக்கிறேன்.