தங்கம் தோண்டிய ஊரில் ஆட்டிடையர்கள்: பிரேசிலின் ஆர்க்காடியக் கவிதை வெறும் வேடமா?

கரிசல்மண்:
விலா ரிக்கா கவிஞர்களை இத்தனை கொண்டாடுவது எனக்குப் புரியவே இல்லை. இன்று ஔரோ பிரேத்தோ என்று சொல்லும் அந்த ஊர், போர்ச்சுகல் ஆண்ட பிரேசிலில், மினாஸ் ஜெராய்ஸ் மலைகளுக்கு நடுவே தங்கத்துக்காகவே முளைத்தது. தோண்டியவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வரப்பட்ட அடிமைகள், கிடைத்ததில் ஐந்தில் ஒரு பங்கு அரசருக்கு. அங்கே இருந்துகொண்டு போர்ச்சுகலின் கொயிம்பிரா பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்துவிட்டு வந்த கனவான்கள், ஆர்க்காடியா என்று ஐரோப்பியக் கவிஞர்கள் கற்பனை செய்த இன்பமான மேய்ச்சல் நாட்டின் இடையர்களாகத் தங்களை எழுதிக்கொள்கிறார்கள். தோமாஸ் அந்தோனியோ கொன்சாகா அந்த ஊர் நீதிபதி, கவிதையில் மட்டும் திர்செவு என்ற இடையன். காதலி மரிலியாவுக்கு எழுதிய முதல் பாட்டிலேயே என்ன சொல்கிறார்? நான் பிறர் மாட்டை மேய்ப்பவன் இல்லை, எனக்குச் சொந்தப் பண்ணை இருக்கிறது, அது ஒயினும் பழமும் ஆலிவ் எண்ணெயும் தருகிறது, என் வெள்ளை ஆடுகள் பாலும் கம்பளியும் தருகின்றன என்கிறார். மினாஸ் மலையில் ஆலிவ் எண்ணெயாம்! முழுக்க ஐரோப்பாவிலிருந்து இறக்கிய காட்சி.

சாரல்:
இடையர் பெயர் யாரையும் ஏமாற்ற வைத்துக்கொண்டதில்லை. 1756இல் லிஸ்பனில் தொடங்கிய ஆர்க்காடியா என்ற கவிஞர் சபையிலேயே அதுதான் வழக்கம், படிக்கிற எல்லோருக்கும் தெரிந்த விதி. அந்த விதி இந்த மண்ணில் எங்கே உடைகிறது என்பதைத்தான் பார்க்க வேண்டும். அதே விலா ரிக்கா கவிஞர்களில் ஒருவரான கிளாடியோ மனுவேல் ட கோஸ்தா 1768இல் கொயிம்பிராவில் அச்சிட்ட தன் தொகுப்பின் முன்னுரையில் மறைக்காமல் எழுதுகிறார்: இவை ஆர்க்காடியாவின் பேறுபெற்ற கரைகள் அல்ல, இங்கே ஓடைகள் கலங்கி அசிங்கமாக ஓடுகின்றன, பேராசையோடு பூமியைத் தோண்டும் உழைப்பு அவற்றின் நிறத்தையே கெடுத்துவிட்டது என்று. வெறும் வேடம் போடுகிறவர் தன் புத்தகத்தின் வாசலிலேயே இப்படி எழுதி வைப்பாரா? அவருடைய சானெட்டுகளில், அதாவது பதினான்கு வரிக் கவிதைகளில், புல்வெளியைவிடப் பாறைதான் என் மனதில் நிற்கிறது. இயற்கை என் தொட்டிலை இந்தப் பாறைகளால் செய்தது, இத்தனை கடினமான கல்லுக்குள் இளகிய நெஞ்சு ஒன்று வளரும் என்று யார் நினைத்திருப்பார் என்கிறார். அது மினாஸில் பிறந்தவனின் குரல், லிஸ்பனில் யாரும் அதை எழுதியிருக்க முடியாது.

கரிசல்மண்:
அந்த முன்னுரையை நானும் படித்திருக்கிறேன். அது மன்னிப்புக் கேட்கிற பேச்சு, ஐரோப்பிய வாசகனிடம் என் ஊர் ஆறு அழகாக இல்லை, பொறுத்துக்கொள்ளுங்கள் என்கிற பேச்சு. ஆறு கலங்கிவிட்டதே என்று வருந்துகிறார், சரி. அந்தத் தண்ணீரில் நாள் முழுக்க இடுப்பளவு நின்றவனைப் பற்றி அதில் ஒரு வார்த்தை உண்டா?

சாரல்:
கிளாடியோவின் முன்னுரையில் இல்லை, ஆனால் கொன்சாகாவிடம் இருக்கிறது. நீங்கள் சொன்ன அதே மரிலியா பாடல்களில் ஒன்று, நான் தமிழில் முயன்றது:

"மரிலியா, நீ பார்க்கமாட்டாய், நூறு அடிமைகள் ஆற்றிலும் குடைந்த மலையிலும் சரளையும் வளமான மண்ணும் அள்ளுவதை. திறமையான கறுப்பன் கனத்த கருமணலிலிருந்து பருமணலைப் பிரிப்பதை, பதேயாவின் அடியில் தங்கத் துணுக்குகள் மின்னுவதை நீ பார்க்கமாட்டாய்."

பதேயா என்பது தங்கம் அரிக்கும் மரத்தட்டு. அடுத்து காடு வெட்டி எரிப்பது, புகையிலை சுருட்டுவது, பல் சக்கரத்துக்கு நடுவே கரும்பு பிழிவது என்று ஒவ்வொன்றாக வருகிறது. நான்கே பத்தியில் அந்தக் காலனியின் மொத்தப் பிழைப்பும் வந்துவிட்டது. பார்க்கமாட்டாய் பார்க்கமாட்டாய் என்று சொல்லிக்கொண்டே நம் கண் முன்னால் கொண்டுவந்து நிறுத்துகிறார். கருமணல் கனம் என்பதால் தங்கத்தோடு தட்டின் அடியில் தங்கிவிடும், அதைக் கடைசியில்தான் பிரிப்பார்கள். வேலையைப் பக்கத்திலிருந்து பார்த்தவர்தான் இந்த நுணுக்கத்தை எழுத முடியும்.

கரிசல்மண்:
அதற்கு அடுத்த பத்தியையும் போட்டிருக்க வேண்டும். நீ பார்க்கப் போவது அகலமான மேசை, அதன் மேல் வழக்குக் கட்டுகள், நான் பெரிய புத்தகங்களைப் புரட்டித் தீர்ப்புச் சொல்வது என்று முடிகிறது. அதாவது, அந்த அழுக்கு உன் கண்ணில் படாமல் நான் பார்த்துக்கொள்கிறேன் என்று காதலிக்கு வாக்குக் கொடுக்கிறார். அடிமையின் உழைப்பு விலக்கி வைக்க வேண்டிய காட்சி, அவ்வளவுதான். 1789இல் போர்ச்சுகல் ஆட்சிக்கு எதிரான சதி வழக்கில் கைதாகி, 1792இல் மொசாம்பிக்குக்கு நாடு கடத்தப்பட்ட பிறகு அதே மனிதர் அங்கே அடிமை வியாபாரத்தில் பணம் சேர்த்த குடும்பத்தில் பெண் எடுத்தார். இதையும் சேர்த்துத்தான் அந்தப் பாட்டைப் படிக்க வேண்டும்.

தென்மலை:
இரண்டு பேரும் இன்னொரு கவிஞரை, சில்வா அல்வரெங்காவை விட்டுவிட்டீர்கள். விலா ரிக்காவில் பிறந்தவர், இசைக்கலைஞர் ஒருவரின் மகன், கறுப்பு வெள்ளைக் கலப்பில் வந்தவர். 1799இல் வந்த அவருடைய 'கிளாவுரா'வில் காதலி மாமர நிழலில் இருக்கிறாள், முந்திரி மரத்துக்கென்றே தனிப் பாட்டு இருக்கிறது. அந்த மாமரம் போர்த்துகீசியர் ஆசியாவிலிருந்து பிரேசிலுக்குக் கொண்டுபோனது, அவர்கள் சொல்லும் 'மங்கா'வே நம் பக்கத்து மாங்காயிலிருந்து போன சொல். முந்திரி அங்கிருந்து நமக்கு வந்தது. ஆலிவ் எண்ணெய் என்று கேட்டீர்களே, அதற்கு இவர்தான் பதில்.

கரிசல்மண்:
இது எனக்குப் புதிது, தேடிப் படிக்கிறேன். ஆனாலும் மரத்தை மாற்றினால் போதுமா? கிளாடியோ 1789இல் காவலில் செத்தார், அல்வரெங்கா 1794இலிருந்து இரண்டு வருடத்துக்கு மேல் சிறையில் கிடந்தார், எல்லாம் உண்மை, மதிக்கிறேன். அந்த 1789 சதிகாரர்களே கூட அடிமை முறையை ஒழிப்பதில் ஒரு முடிவுக்கு வரவில்லை. தட்டு விஷயத்தில் சாரல் சொன்னதை ஒப்புக்கொள்கிறேன், 'திறமையான' என்ற அந்த ஒரு சொல் என்னையும் நிறுத்திவிட்டது. ஆனால் மரிலியாவுக்குப் பெயர் இருக்கிறது, திர்செவுவுக்கு இரண்டு பெயர் இருக்கிறது. தட்டை ஆட்டியவனுக்கு ஒன்றுகூட இல்லை.

சாரல்:
அதை மறுக்க என்னிடம் எதுவும் இல்லை. நீங்கள் சொன்ன பிறகு மூலத்தைத் திரும்ப எடுத்துப் பார்த்தேன். நான் 'நூறு அடிமைகள்' என்று போட்ட இடத்தில் அங்கே இருப்பது 'கத்தீவோஸ்'. அந்தக் காலத்தில் அடிமைக்குச் சாதாரணமாகப் புழங்கிய சொல்தான், ஆனால் அதன் வேர்ப்பொருள் பிடிபட்டவர்கள். என் தமிழில் அதை 'பிடித்து வரப்பட்ட நூறு பேர்' என்று மாற்றிவிட்டேன்.